வியப்பை அளக்கும் கோல்

மாயம் என்பது கணக்கில் அடங்காதது. கதை கேட்டு வளர்ந்த நம் எல்லாருடைய எண்ணமும் இதுவே. அந்த மாயத்துக்கே ஓர் அளவையை வகுத்துத் தந்தவர் ஆங்கில நாவலாசிரியர் டெரி பிராட்செட் (1948–2015). பேராமை ஒன்றின் முதுகில் நிற்கும் நான்கு யானைகள் சுமக்கும் தட்டையான உலகு, அவர் படைத்த 'டிஸ்க்வேர்ல்ட்'. 1983இல் வெளிவந்த முதல் நூல் தொடங்கி, அதைக் களமாகக் கொண்டு 41 நாவல்களை அவர் எழுதினார். அவ்வுலகில் மாய ஆற்றலின் அலகு 'தௌம்'. சிறிய வெண்புறா ஒன்றையோ, வழக்கமான அளவுள்ள பில்லியர்ட்ஸ் பந்துகள் மூன்றையோ தோற்றுவிக்கத் தேவையான மாயமே ஒரு தௌம். மாயம் எவ்வளவு செறிந்துள்ளது என்று காட்டத் 'தௌமோமீட்டர்' என்னும் கருவியும் உண்டு.

படித்தவுடன் சிரிக்கிறோம். சற்று நேரத்தில், யாரைப் பார்த்துச் சிரித்தோம் என்ற கேள்வி எழுகிறது. புறாவும் பந்தும் எவ்வாறு ஓர் அளவையில் சேரும் என்று வினவுமுன் நம் அளவைகளை நோக்குவோம். நீராவிப் பொறியின் ஆற்றலை ஜேம்ஸ் வாட் குதிரையின் உழைப்போடு ஒப்பிட்டார்; இன்றும் மோட்டார்களைக் குதிரைத்திறன் கணக்கிலேயே வாங்குகிறோம். 1889 முதல் 2019 வரை கிலோகிராம் என்பது, பாரிசுக்கு அருகே பூட்டிவைக்கப்பட்டிருந்த பிளாட்டினம்–இரிடியம் உருளை ஒன்றின் நிறையே. அறிந்த பொருள் ஒன்றை வைத்தே அறியாததை அளக்கிறோம். அதில் தவறில்லை. அளந்துவிட்டதாலேயே அறிந்துவிட்டோம் என்று கருதுவதே தவறு. பிராட்செட்டின் கேலி தைப்பது இவ்விடத்தில்தான். முழுநேர எழுத்தாளராகுமுன், 1980களில் பிரித்தானிய மின்னுற்பத்தி வாரியத்தில், அணுமின் நிலையங்கள் சார்ந்த செய்தித் தொடர்பு அலுவலராக அவர் பணியாற்றினார். கண்ணுக்குப் புலனாகாத ஆற்றலைப் பற்றி மக்களுக்கு விடைசொல்லும் பணி அது. அதன் சாயலை இக்கற்பனையில் காண்பது மிகையாகாது.

'தௌம்' என்னும் சொல்லையும் கவனிக்க வேண்டும். 'தௌமா' என்றால் கிரேக்கத்தில் வியப்பு. தொல்காப்பியர் எண்வகை மெய்ப்பாடுகளுள் வைத்த மருட்கை. மெய்யறிவின் தொடக்கம் வியப்பே என்றார் பிளேட்டோ. டிஸ்க்வேர்ல்டின் பல்கலைக்கழகத்து மந்திரவாதிகளோ பெருவிருந்துகளிலும் பதவி உயர்விலும் நாட்டமுள்ளவர்கள். வியப்பின் அலகு அவர்கள் கையில் உண்டு. வியக்கும் நெஞ்சம்தான் அரிதாயிருக்கிறது.

குறை ஒன்றையும் சொல்லியாக வேண்டும். பின்னாளைய நூல்களில், அணுவைப் பிளப்பதுபோல் தௌமையும் பிளக்கிறார்கள். உள்ளே காணப்படும் நுண்கூறுகளின் வகைகளுள் ஒன்றுக்குப் பெயர் 'பெப்பர்மின்ட்'. துகள் இயற்பியலாரின் பெயர்சூட்டும் வழக்கத்தைப் பகடி செய்யும் இப்பகுதிகள் சிரிப்போடு நின்றுவிடுகின்றன. புறாவும் பந்தும் எழுப்பிய கேள்வி இங்கே எழவில்லை.

அக்கேள்விக்கு விடை, அலகைப் பற்றிய குறிப்புகளில் இல்லை, கதைகளில் இருக்கிறது. 1988இல் வெளிவந்த 'சோர்சரி' நாவலில், மாயத்தின் ஊற்றாகவே பிறந்த சிறுவன் ஒருவன் பல்கலைக்கழகத்துக்கு வருகிறான். ஆற்றல் பெருகுகிறது. மந்திரவாதிகள் கோபுரங்களை எழுப்பி ஒருவரோடொருவர் போரிட, உலகம் அழிவின் விளிம்புக்குப் போகிறது. அப்போது அச்சிறுவனை எதிர்கொள்பவன் ரின்ஸ்விண்ட். 'மந்திரவாதி' என்று தொப்பியில் எழுதியிருந்தும் அதைப் பிழையாக எழுதியிருப்பவன். ஆபத்தென்றால் ஓடுவதே அவன் அறிந்த ஒரே கலை. காலுறைக்குள் அரைச்செங்கல்லை இட்டு ஆயுதமாக்கிக்கொண்டு வருகிறான். இறுதியில், கொடிய உயிரிகள் சூழ்ந்த இடத்தில் சிறுவனைத் தப்பியோடச் சொல்லிவிட்டு, அவற்றை எதிர்த்துத் தான் மட்டும் நின்றுவிடுகிறான். எப்போதும் ஓடியவன் நின்ற அக்கணத்தைத் தௌமோமீட்டர் எவ்வாறு காட்டும்? முள் அசைந்திருக்காது.

1987இல் வந்த 'ஈக்வல் ரைட்ஸ்' நாவலிலும் இதே பொருள் வேறு வடிவில் வருகிறது. பேராற்றல் கொண்ட சிறுமி எஸ்க்கும் அவள் தோழன் சைமனும் மாயத்தைப் பயன்படுத்தாமல் இருப்பதாலேயே அக்கொடிய உயிரிகளிடமிருந்து தப்புகிறார்கள். அவளை வளர்த்தெடுக்கும் மூதாட்டி கிரானி வெதர்வாக்சும், மனிதர் மனத்தை அறிந்து காரியமாற்றுகிறாரேயன்றி மாயத்தை அள்ளி இறைப்பதில்லை. செலவிட்ட ஆற்றலைத் தௌம் அளக்கும். அடக்கிவைத்த ஆற்றலை அளக்க அதற்கு வழியில்லை. ஆசிரியர் இதை எங்கும் உபதேசமாகச் சொல்லவில்லை என்பதே அவர் கலையின் சிறப்பு.

ஆண்டறிக்கைகளில் எண்களை நிரப்பிப் பழகியவர்கள் நாம். எத்தனை பேர் வந்தனர், எவ்வளவு திரண்டது என்பதெல்லாம் அவற்றில் பதிவாகும். சினத்தை விழுங்கிக்கொண்டு வீடு திரும்பியவர் யார், பிறரைப் போகவிட்டுத் தான் பின்தங்கி நின்றவர் யார் என்பதற்கு அங்கே கட்டமில்லை. எண்களை எழுதாமலும் இருக்க இயலாது. எழுதி முடித்தபின், விடுபட்டவர் யாரென்று ஒருமுறை எண்ணிப் பார்க்க இந்நாவல்கள் நம்மைத் தூண்டுகின்றன. சிரிப்பதற்கென்றே வாசிக்கத் தொடங்குவோரும் அவ்வெண்ணத்தோடு நூலை மூடுவர்.