விளக்கமும் வழக்கும்: தமிழில் பொதுவாசகர்க்கான அறிவியல் எழுத்து

தமிழில் பொதுவாசகரை நோக்கிய அறிவியல் உரைநடைக்கு நூறாண்டுக்கு மேற்பட்ட வரலாறு உண்டு. அவ்வரலாற்றை எழுதப் புகுந்தோர் பெரும்பாலும் அதைக் கலைச்சொல்லாக்கத்தின் வரலாறாகவே கண்டு, வடசொல்லா தனித்தமிழா ஒலிபெயர்ப்பா என்னும் பூசல் அவ்வப்போது எழுந்து அடங்கியதை ஆண்டுவாரியாகப் பதிவுசெய்தனர். இவ்வெழுத்து தன் வாசகரை யாராகக் கருதியது என்னும் கேள்வி அப்பூசலில் அடிபட்டுப் போயிற்று. ஓர் இயற்கை நிகழ்வோ எந்திரமோ எவ்வாறு இயங்குகிறது என எடுத்துரைப்பதை விளக்கம் என்றும், அது எவருடைய முடிவின்பேரில், எவருடைய செலவில், எத்துணை உறுதியான சான்றின்மேல் மக்கள் வாழ்வுக்குள் நுழைகிறது என ஆராய்ந்து வாதிடுவதை வழக்கு என்றும் வைத்துக்கொண்டால், தமிழ் அறிவியல் எழுத்து முன்னதில் கைதேர்ந்தது, பின்னதில் இன்றும் தடுமாறுகிறது எனலாம்.

தொடக்கம் யாழ்ப்பாணத்தில் நிகழ்ந்தது. 1847-இல் இலங்கை வந்த அமெரிக்க மிஷன் மருத்துவர் சாமுவேல் ஃபிஸ்க் கிரீன் மானிப்பாயில் மருத்துவம் கற்பித்தார். முதலில் ஆங்கிலத்தில் நடந்த வகுப்புகளைப் பின்னர்த் தமிழுக்கு மாற்றினார். இரண வைத்தியம், மனுஷ அங்காதிபாதம், கெமிஸ்தம் முதலிய நூல்களைத் தம் மாணாக்கர் துணையுடன் மொழிபெயர்த்தும் பதிப்பித்தும் வெளியிட்டார். அறுவை மருத்துவத்தையும் உடற்கூற்றையும் வேதியியலையும் முழுமையாகத் தமிழில் சொல்ல முடியும் என்பது ஏறத்தாழ 1875-க்குள்ளேயே மெய்ப்பிக்கப்பட்டுவிட்டது. ஆகவே தமிழால் முடியுமா என்று அதன்பின் நிகழ்ந்த விவாதங்களெல்லாம் ஏற்கெனவே விடை கிடைத்த வினாவை மீண்டும் கேட்டவையே. ஆயினும் கிரீனின் நூல்கள் தேர்வு எழுதும் மாணவர்க்கு உரியவை. பொதுவாசகர் என்பவர் உருவாக இதழ்கள் பெருக வேண்டியிருந்தது.

அவ்வாசகருக்காகவே வாழ்நாள் முழுதும் எழுதியவர் பெ.நா. அப்புஸ்வாமி. நெல்லைச் சீமையின் பெருங்குளத்தில் 1891-இல் பிறந்து, தொழிலால் வழக்கறிஞராக விளங்கிய அவர், அ. மாதவையாவின் தூண்டுதலால் 1917 அளவில் அறிவியல் கட்டுரை எழுதத் தொடங்கி, 1986-இல் மறையும் வரை எழுதிக்கொண்டிருந்தார். ஹாலி வால்மீன் தோன்றிய 1910, 1986 ஆகிய இரண்டு ஆண்டுகளையும் அவர் வாழ்நாள் தழுவி நிற்கிறது. தந்திக்கம்பியின் காலத்துக்கும் செயற்கைக்கோளின் காலத்துக்கும் இடையே அறிவியலில் நேர்ந்த பெருமாற்றங்களை உடனுக்குடன் தமிழில் எழுதியவர் அவர்போல் வேறொருவர் இல்லை. ஒரு பொருளின் பெயரைச் சொல்லி வரையறை கூறுவதைவிட, அது என்ன செய்கிறது என்பதை வாசகர் அறிந்த செய்தியிலிருந்து படிப்படியாக வளர்த்துக் காட்டுவதே அவருடைய நெறி. சங்கப் பாடல்களில் அவருக்கிருந்த பயிற்சி, வாக்கியம் நீண்டாலும் பொருள் சிதறாத ஒழுங்கை அவருக்குத் தந்தது. ஆனால் நீதிமன்றத்தில் எதிர்வாதத்தைச் சந்தித்துப் பழகிய அம்மனிதரின் அறிவியல் கட்டுரைகளில் எதிர்வாதி என்று எவரும் இல்லை. அங்கே அறிவியல் ஐயத்துக்கு இடமின்றி முடிந்த செய்தியாகவே வந்து சேர்கிறது. மின்சாரம் எவ்வாறு பிறக்கிறது என்று அறிந்துகொள்ளும் வாசகர், அது எந்த ஊருக்கு முதலில் போக வேண்டும் என்று கேட்கத் தூண்டப்படுவதில்லை.

அக்கேள்வியை எழுப்பியவர்கள் வேறு முகாமில் இருந்தனர். ம. சிங்காரவேலர் 1930களில் குடி அரசிலும் பின்னர்ப் புது உலகம் இதழிலும் எழுதிய கட்டுரைகளில், அண்டத்தின் தோற்றம், உயிர்களின் படிமலர்ச்சி (ஓர் உயிரினம் நெடுங்காலத்தில் மெல்ல மாறி வேறொன்றாவது), மூடநம்பிக்கையின் வேர்கள் ஆகியவை பொதுவுடைமையின் நியாயத்தோடு சேர்த்தே பேசப்பட்டன. பெரியாரின் இனிவரும் உலகம், கம்பியில்லாத் தொடர்புக் கருவி ஒவ்வொருவர் கையிலும் இருக்கும் என்றும், தொலைவில் உள்ளோர் உருவம் கண்டு உரையாடுவர் என்றும், உடலுறவின்றிக் கருத்தரிப்பு நிகழும் என்றும் முன்னுரைத்தது. இன்று அந்நூலைப் போற்றுவோர், கணித்தவை பலித்தன என்பதோடு நிறுத்திக்கொள்கின்றனர் (கருவி வருமா என்பதைக் காட்டிலும் உழைப்பும் ஓய்வும் எவ்வாறு பங்கிடப்படும் என்பதே அந்நூலின் பெரிய அக்கறை). அறிவியலை அரசியலோடு பிணைத்த துணிவு இம்மரபின் பெருமை. குறையும் அதிலேயே உண்டு: அறிவியல் இங்கே பழைமைக்கு எதிராக வழங்கப்பட்ட இறுதித் தீர்ப்பாகவே நின்றது, அறிவியலுக்குள்ளேயே அறிஞர் வேறுபடுவர், சான்று போதாமல் முடிவு ஒத்திவைக்கப்படும், நிறுவனங்களின் நலன் ஆய்வின் திசையைத் திருப்பும் என்பவற்றுக்கு இடம் குறைவாகவே இருந்தது.

விடுதலைக்குப்பின் நிறுவனங்கள் பொறுப்பேற்றன. தி.சு. அவினாசிலிங்கத்தின் முயற்சியில் தமிழ் வளர்ச்சிக் கழகம், பெரியசாமித் தூரனை முதன்மைப் பதிப்பாசிரியராகக் கொண்டு, 1954 முதல் 1968 வரை பத்துத் தொகுதிகளாகக் கலைக்களஞ்சியத்தை வெளியிட்டது. கோவையிலிருந்து ஜி.ஆர். தாமோதரனின் கலைக்கதிரும், 1967 முதல் மணவை முஸ்தபா ஆசிரியராக இருந்த யுனெஸ்கோ கூரியர் தமிழ்ப் பதிப்பும் நெடுங்காலம் வந்தன. இவை கட்டிய அடித்தளம் பெரிது. நடை பெரும்பாலும் வகுப்பறையினது.

வகுப்பறையை விட்டு இவ்வெழுத்தை வெளியே கொண்டுவந்தவர் சுஜாதா. பெங்களூர் பாரத் எலெக்ட்ரானிக்ஸ் நிறுவனத்தில் பொறியாளராக இருந்து, மின்னணு வாக்குப்பதிவு எந்திர உருவாக்கத்தில் முக்கியப் பங்காற்றிய எஸ். ரங்கராஜன் என்னும் அவ்வெழுத்தாளர், ஜூனியர் விகடனில் எழுதிய ‘ஏன்? எதற்கு? எப்படி?’ தொடரில் வாசகர் அனுப்பிய வினாக்களுக்குச் சில வரிகளில் விடையளித்தார். ஐந்தாறு வாக்கியத்துக்குள் ஒரு கருத்தின் எலும்புக்கூட்டைக் காட்டிவிட்டு, வாசகர் சலிப்படையும் முன் ஒரு குறும்போடு விலகிக்கொள்வது அவர் கலை. மூளையைப் பற்றிய தலைமைச் செயலகம் போன்ற நீள்தொடர்களில் அதே வேகம் முழு நூலின் கட்டுக்கோப்புக்குள் அடங்கி வருகிறது. இத்தொடரைத் தாங்கிய இதழ் எது என்பது கவனத்துக்குரியது. ஜூனியர் விகடன் ஊழலையும் அதிகார மோதலையும் துருவித் துருவி எழுதிய அரசியல் இதழ். அதற்குள்ளும் அறிவியல் தனக்கென ஒதுக்கப்பட்ட பக்கத்தில் இருந்தது, அரசியல் வேறு பக்கங்களில் இருந்தது. அணைக்கட்டைப் பற்றிய செய்தி ஒப்பந்தக்காரரைப் பற்றியதாகவும், அறிவியல் பக்கம் கருந்துளையைப் பற்றியதாகவும் அமையும் இப்பாகுபாட்டைப் பின்வந்த நாளேடுகளின் இணைப்பிதழ்களும் அப்படியே ஏற்றுக்கொண்டன. வாக்குப்பதிவு எந்திரம் குறித்த ஐயங்கள் பிற்காலத்தில் நாடாளுமன்றத்திலும் உச்ச நீதிமன்றத்திலும் எழுந்தபோது, அதன் கட்டுப்பாட்டுக் கருவி, வாக்குப்பதிவுக் கருவி, ஒப்புகைச்சீட்டுப் பொறி ஆகிய மூன்றும் எவ்வாறு இணைகின்றன, எவ்விடத்தில் ஐயம் நியாயமானது, எவ்விடத்தில் அது வெற்றுப் பேச்சு என்று சார்பின்றி எடைபோடும் கட்டுரைகள், அவ்வெந்திரத்தில் பங்குடைய ஒருவர் இத்தனை பெரிய வாசகர் கூட்டத்தை வளர்த்துவிட்டுப் போன மொழியில் அரிதாகவே காணப்பட்டன.

இரு பக்கங்களையும் சேர்க்க முயன்ற இயக்கம் ஒன்று உண்டு. கேரளத்தில் அறிவியல் எழுத்தாளர் அமைப்பாக 1962-இல் பிறந்த சாஸ்திர சாகித்ய பரிஷத், அமைதிப் பள்ளத்தாக்கு அணைத் திட்டத்தின் மின்தேவைக் கணக்கையும் காட்டின் மதிப்பையும் மலையாளத்தில் மக்கள் முன் வைத்து விவாதித்தது. 1980-இல் உருவான தமிழ்நாடு அறிவியல் இயக்கம் அதே நோக்கோடு எழுந்து, 1987 முதல் துளிர் என்னும் சிறுவர் இதழை நடத்தி, 1990களின் தொடக்கத்தில் அறிவொளி இயக்கத்தின் எழுத்தறிவுப் பணியில் முன்னின்றது. புதிதாக எழுத்தறிந்தவர்களுக்காக அப்போது எழுதப்பட்ட சிறு நூல்கள் தனி ஆய்வுக்கு உரியவை. மறுபுறம், பூவுலகின் நண்பர்கள், ச. முகமது அலியின் காட்டுயிர் இதழ், தியடோர் பாஸ்கரனின் கட்டுரைகள் ஆகியவற்றால் சூழலியல் எழுத்து தனி மரபாக வளர்ந்தது. பாஸ்கரனின் உரைநடையில் பறவையும் புல்வெளியும் காலனிய வன நிர்வாகத்தின் வரலாறும் ஒரே பத்தியில் இயல்பாகச் சந்திக்கின்றன. விளக்கமும் வழக்கும் ஒன்றாவதற்குத் தமிழில் கிடைக்கும் நல்ல சான்றுகளுள் அதுவும் ஒன்று.

அறிவியல் இயக்க மரபும் சூழலியல் மரபும் எதிரெதிரே நின்ற இடம், நியூட்ரினோ ஆய்வகம் திட்டமிடப்பட்ட தேனி மாவட்டப் பொட்டிப்புரம். நியூட்ரினோ என்பது மின்னூட்டமற்ற, மிகச் சிறு நிறையுடைய அடிப்படைத் துகள். சூரியனிலிருந்து மட்டும் பூமியின் ஒவ்வொரு சதுர சென்டிமீட்டரிலும் வினாடிக்கு ஏறத்தாழ 6,500 கோடி நியூட்ரினோக்கள் எதனோடும் உரசாமல் கடந்துபோகின்றன. அரிதாக நிகழும் மோதலைப் பதிவுசெய்ய, பிற அண்டக்கதிர்களைத் தடுக்கும் அளவுக்குத் தடித்த பாறை மேலே வேண்டும். கோலார் தங்கச் சுரங்கத்தில் 1965-இல் வளிமண்டல நியூட்ரினோக்கள் கண்டறியப்பட்டது இதனாலேயே இயன்றது. பொட்டிப்புரத்து மலைக்குள் சுரங்கம் குடைந்து 50,000 டன் காந்த இரும்புக் கருவி நிறுவும் திட்டத்துக்கு 2015 சனவரியில் நடுவண் அமைச்சரவை ஒப்புதல் அளித்தது. எதிர்ப்பாளர் கதிர்வீச்சு, அணுக்கழிவு, முல்லைப் பெரியாறு அணையின் பாதுகாப்பு ஆகியவற்றைக் குறித்து எழுதினர். ஆதரித்த அறிவியலாளர், நியூட்ரினோ தீங்கற்றது என்று விரிவாக விடையளித்தனர். துகளின் இயல்பைப் பற்றி ஆதரவாளர் எழுதியது சரியே. ஆனால் 2017 மார்ச்சில் தேசியப் பசுமைத் தீர்ப்பாயம் சுற்றுச்சூழல் அனுமதியை நிறுத்திவைத்தபோது தீர்ப்பைத் தீர்மானித்தது துகளின் இயல்பு அன்று; கேரளத்தின் மதிகெட்டான் சோலைத் தேசியப் பூங்கா ஐந்து கிலோமீட்டருக்குள் இருப்பதால் திட்டம் எவ்வகையில் சேர வேண்டும், எந்த அதிகார அமைப்பு அதை ஆராய்ந்திருக்க வேண்டும் என்னும் நடைமுறைக் கேள்வியே. அக்கேள்வியைப் பொதுவாசகருக்கு விரித்துரைக்க இரு தரப்பிலும் பெரிதாக எவரும் முனையவில்லை. இயற்பியல் தெரிந்தவர் சட்டத்தை எழுதவில்லை. சட்டம் தெரிந்தவர் இயற்பியலைப் பிழையாக எழுதினார். கூடங்குளம் அணுமின் நிலையத்திலும் காவிரிப் படுகையின் மீத்தேன் திட்டத்திலும் இதே நிலைதான். மீத்தேன் வழக்கில் மட்டும் உழவர்களுக்குத் தம் நிலத்தடி நீரைப் பற்றிய நேரறிவு இருந்ததால் துண்டறிக்கைகளில் கூடுதல் திட்பம் காணப்பட்டது.

இத்துறையை மதிப்பிடுவோர் நூல்களையும் இதழ்களையும் எண்ணுகின்றனர். மக்கள் வாழ்வை நேரடியாகத் தொடும் ஒரு வகை எழுத்து அக்கணக்கில் சேர்வதில்லை. 2006-ஆம் ஆண்டின் சுற்றுச்சூழல் தாக்க மதிப்பீட்டு அறிவிக்கையின்படி, ஒரு திட்டத்துக்காகப் பொதுமக்கள் கருத்துக்கேட்புக் கூட்டம் நடத்தும் முன் குறைந்தது 30 நாள் அவகாசம் தரப்பட்டு, மதிப்பீட்டு அறிக்கையின் சுருக்கம் வட்டார மொழியிலும் மக்களுக்குக் கிடைக்க வேண்டும். நிலத்தடி நீர்மட்டம், காற்றில் கலக்கும் நுண்துகளின் அளவு, கழிவு சேரும் இடம் ஆகிய அனைத்தும் அச்சில பக்கங்களில் அடங்கும். அவற்றின் தமிழ் பெரும்பாலும் ஆங்கில வாக்கியத்தின் நிழலாகக் கிடந்து, படித்தவருக்கே புலப்படாமல் போகிறது. 2020-இல் புதிய வரைவு அறிவிக்கை ஆங்கிலத்திலும் இந்தியிலும் மட்டும் வெளியானபோது, அதை எட்டாம் அட்டவணை மொழிகள் அனைத்திலும் தர வேண்டும் என்று டெல்லி உயர் நீதிமன்றம் ஆணையிட நேர்ந்தது. நாவலுக்கும் கவிதைத் தொகுப்புக்கும் மதிப்புரை வெளியிடும் தமிழ் இதழ்கள், தத்தம் மாவட்டத்தில் கருத்துக்கேட்புக்கு வரும் ஒவ்வொரு அறிக்கைச் சுருக்கத்தையும் ஓர் அறிவியலாளரிடமும் ஒரு வழக்கறிஞரிடமும் கொடுத்து, கூட்டம் நடக்கும் முன்னரே அதற்கும் மதிப்புரை வெளியிட வேண்டும்.