மறைநாணயப் பொருளாதாரம்: ஒரு கலைச்சொல்லின் பொருளும் வழக்கும்

ஆங்கிலத்தில் 'கிரிப்டோகரன்சி' என வழங்குவதற்குத் தமிழில் மறைநாணயம், மறையீட்டு நாணயம், குறியீட்டு நாணயம், சங்கேத நாணயம், மெய்நிகர் நாணயம், எண்ணிம நாணயம் என ஆறுக்குக் குறையாத ஆக்கங்கள் இன்று உலவுகின்றன. இவற்றோடு 'பொருளாதாரம்' என்பதைச் சேர்த்து, அந்நாணயங்களை அடிப்படையாகக் கொண்ட பொருளியல் நடப்பைக் குறிக்கும் தொடர்களும் பிறந்துள்ளன. 'மறைநாணயப் பொருளாதாரம்' அவற்றுள் ஒன்று. இவ்வாக்கங்களை அடுத்தடுத்து வைத்து நோக்கின் ஓர் உண்மை புலப்படும். மாறிக்கொண்டே வருவது அடைச்சொல் மட்டுமே. தலைச்சொல்லாகிய 'நாணயம்' எல்லாவற்றிலும் அசையாது நிற்கிறது. சொல்லாக்குநர் மறையா, குறியீடா, மெய்நிகரா என வாதிட்டனரே அன்றி, இது நாணயந்தானா என்று கேட்கவில்லை. கேட்டிருக்க வேண்டிய கேள்வி அதுவே என்பது இக்கட்டுரையின் கருத்து.

ஆங்கிலச் சொல்லும் செப்பமானதன்று. 2008 அக்டோபர் 31 அன்று சதோஷி நகமோட்டோ என்னும் பெயரில் வெளிவந்த ஒன்பது பக்கக் கட்டுரை பிட்காயினை 'மின்னணு ரொக்கம்' என்றே தலைப்பில் சுட்டியது. 'கிரிப்டோகரன்சி' என்னும் சொல் அக்கட்டுரையில் ஓரிடத்தும் இல்லை. பயன்படுத்தியோர் இட்ட பெயர் அது. பின்னர் அச்சொல் 'கிரிப்டோ' எனக் குறுகியது. மறையீட்டுக் கலையின் சுருக்கப் பெயராக நெடுங்காலம் இருந்த அவ்வடிவம் இப்போது பொதுமக்கள் வழக்கில் இந்த வணிகப் பொருளையே குறிக்கிறது. அடுத்து வந்தவை 'கிரிப்டோநாமிக்ஸ்', 'டோக்கனாமிக்ஸ்' போன்ற ஒட்டுச் சொற்கள். அவற்றின் வாலாகிய '-நாமிக்ஸ்' அமெரிக்க அரசியலில் 'நிக்சனாமிக்ஸ்', 'ரீகனாமிக்ஸ்' எனப் பழகியது. ஓரளவு கேலித் தொனியும் அதற்கு உண்டு. (1999இல் வந்த நீல் ஸ்டீபன்சனின் 'கிரிப்டோனாமிகான்' நாவல் இக்குடும்பத்தைச் சேர்ந்ததன்று, ஒலியொப்புமை கண்டு மயங்கற்க.) ஆக, நாம் பெயர்க்க முற்படும் மூலமே தற்செயலாய் வளர்ந்த ஒரு சொற்குழு. அதன் ஒவ்வோர் உறுப்பையும் புனிதமெனக் கொண்டு தமிழில் ஈடு தேடுவது வீண்முயற்சி.

முதலில் அடைச்சொற்களை நோக்குவோம். 'மறை' என்பது கிரேக்க மூலத்தின் நேர்பெயர்ப்பு. 'கிரிப்டோஸ்' என்பதற்கு மறைந்தது என்றே பொருள். செய்தி ஒன்றைப் பிறர் படிக்கவொண்ணாதவாறு மாற்றும் கலைக்கு 'மறையீடு' நல்ல சொல். அதனை யாரும் குறை கூறார். ஆனால் பிட்காயினில் அக்கலையின் எப்பகுதி பயன்படுகிறது? செலுத்துவோர் உரியவர்தாம் என மெய்ப்பிக்கும் மின்னொப்பமும், பதிவுகள் திருத்தப்படவில்லை என உறுதிசெய்யும் கணிப்பு முத்திரையுமே. பதிவேடு எவரும் படிக்கத் திறந்து கிடக்கிறது. 2009 சனவரி 3ஆம் நாளிட்ட முதற் பதிவை இன்றும் யாரும் எடுத்துப் பார்க்கலாம். உரியவரின் பெயர் மட்டுமே அதில் இராது. பெயருக்குப் பதில் ஓர் எழுத்தெண் கோவை நிற்கும். கணக்குப் புத்தகத்தைத் தெருத் திண்ணையில் விரித்து வைத்திருக்கும் வணிகத்துக்கு 'மறை' என்று பெயரிட்டிருக்கிறோம்.

இதன் விளைவு சிறிதன்று. தமிழில் 'மறை' என்பது பணத்தோடு சேரும்போது கணக்கில் காட்டாத பணத்தையே நினைவூட்டும். 'மறைநாணயப் பொருளாதாரம்' என்னும் தொடரை முதன்முதற் படிப்பவர், நாம் 'நிழல் பொருளாதாரம்' என வழங்கும் கறுப்புப்பண நடப்பென்றே கொள்ள இடமுண்டு. அவ்வணிகத்தில் குற்றம் இல்லை என்பது இதன் கருத்தன்று. குற்றம் உண்டு எனின் அதனைச் சொல்ல வேண்டியவர் கட்டுரையாசிரியர். மொழிபெயர்ப்பாளர் தாம் அறியாமலே ஓர் அடைச்சொல்லால் தீர்ப்பு வழங்கிவிடலாகாது.

'குறியீட்டு நாணயம்' இத்தகைய பழியைச் சுமத்துவதில்லை. ஆனால் எதையும் வேறுபடுத்துவதுமில்லை. உலோக மதிப்பினும் முகமதிப்பு மிகுந்த எந்நாணயமும் குறியீட்டு நாணயமே. நம் சட்டைப் பையிலுள்ள அரசின் ஒற்றை ரூபாய்க்கே அப்பெயர் மிகப் பொருந்தும்.

வடமொழி வழிப்பட்ட ஆக்கங்களிலும் இடர் உண்டு. இந்தியில் சிலர் ஆளும் 'கூட முத்ரா'வில் 'கூட' என்பது மறைபொருள் என்னும் கருத்தில் வருகிறது. ஆனால் அர்த்தசாத்திரத்தில் 'கூடமுத்ரா' எனின் போலி முத்திரை; அதனை வைத்திருப்போர்க்குத் தண்டம் விதிக்கப்பட்டுள்ளது. புதுக்கலைச்சொல் ஒன்று பழஞ்சட்ட நூலில் குற்றத்தின் பெயராய் இருப்பது நகைப்புக்கு மட்டும் உரியதன்று. இந்தி இதழ்களில் மிகுதியும் காணப்படும் 'ஆபாசீ முத்ரா' பிறிதொரு வகையில் கருதத்தக்கது. 'ஆபாச' என்பது அங்கே தோற்றம், போலித் தோற்றம் என்னும் பொருளது. தமிழில் அச்சொல் பெற்றுள்ள பொருளை நினைந்தால் அதனைக் கடனாகக் கொள்ள இயலாது என்பது சொல்லாமலே விளங்கும். தமிழ் இவ்விடத்து 'மெய்நிகர்' என்கிறது, அதாவது மெய்க்கு நிகரானது. ஒரே ஆங்கிலச் சொல்லுக்கு இந்தி 'உண்மைபோல் தோன்றுவது' என எச்சரிக்கிறது. தமிழ் 'உண்மைக்கு ஒப்பானது' என உறுதி கூறுகிறது. இரு மொழிகளிலும் ஒரே அறிவிப்பைப் படிக்கும் இருவர் வெவ்வேறு செய்திகளைப் பெறுவர்.

இனித் தலைச்சொல். தமிழில் 'நாணயம்' காசை மட்டும் குறிப்பதன்று, நேர்மையையும் குறிக்கும். நாணயமானவர், நாணயம் தவறாதவர், வாக்கு நாணயம் என்பன அன்றாட வழக்கு. மேடைப் பேச்சாளர் 'நா நயம்' எனப் பிரித்து விளையாடுவது சொற்பிறப்பியலுக்கு ஒவ்வாது எனினும், பேசுவோர் மனத்தில் இவ்விரு பொருள்களும் எவ்வளவு நெருங்கியுள்ளன என்பதற்கு அது சான்றாகும். காசு நோட்டம் பார்ப்பதைத் தொழிலாகக் கொண்ட வண்ணக்கரைச் சங்க காலத்திலேயே காண்கிறோம். காசு நம்பத்தக்கதா என ஒருவர் நோக்கிச் சொல்லுதல், அங்ஙனம் சொன்னதை ஊர் ஏற்றல் ஆகிய இவ்வொழுக்கத்தின் நிழலிலேயே 'நாணயம்' தன் அறப்பொருளைக் காத்து வந்தது எனலாம்.

ஆங்கிலக் 'கரன்சி'க்கு இவ்வறப்பொருள் இல்லை. அது ஓடுதல் என்னும் இலத்தீன் வினையிலிருந்து வந்தது. கைம்மாறிச் செல்வது என்பதே அதன் உட்கிடை. தமிழில் இதற்கு நெருங்கியது நாணயமன்று, 'செல்' என்னும் வினை. இந்தக் காசு செல்லும், செல்லாது, செல்லாக்காசு என்கிறோம். அயல்நாட்டுப் பணத்துக்கு வழங்கும் 'செலாவணி'யும், அதன் பிறப்பு எதுவாயினும், தமிழ்ச் செவிக்கு இவ்வினையோடே இயைந்து ஒலிக்கிறது. 2016 நவம்பர் 8 இரவு 500, 1000 ரூபாய்த் தாள்களைப் பற்றிய அறிவிப்பு வந்தபோது மக்கள் வாயில் பிறந்த சொல் 'செல்லாது' என்பதே. அது சட்டத்தின் கருத்தோடு இம்மியும் பிசகாதது. இதழ்களோ 'பணமதிப்பிழப்பு' என எழுதின. 1966இல் ரூபாயின் வெளிநாட்டு மாற்று மதிப்பு குறைக்கப்பட்டதற்கும் 2016இல் குறிப்பிட்ட தாள்கள் செல்லாதனவாக்கப்பட்டதற்கும் உள்ள வேறுபாடு அச்சொல்லால் மங்கியது. 'பணமதிப்பு நீக்கம்' எனச் சிலர் திருத்திக்கொண்டனர். அதற்குள் முன்னது வேரூன்றிவிட்டது. கலைச்சொல் பிழைபட்டால் அதனைப் பின்னர்த் திருத்துவது எவ்வளவு அரிது என்பதற்கு அண்மைக்கால எடுத்துக்காட்டு இது.

'நாணயம்' என்னும் தலைச்சொல் சட்டத்தோடு முரண்படுவதையும் காண வேண்டும். இந்திய ரிசர்வ் வங்கி 2013 திசம்பரிலும் 2018 ஏப்ரலிலும் வெளியிட்ட ஆவணங்களில் 'வர்ச்சுவல் கரன்சி' என்றே எழுதியது. அவற்றுள் இரண்டாவது, வங்கிகள் இவ்வணிகத்தோடு தொடர்பு கொள்வதைத் தடுத்த சுற்றறிக்கை. அதனை 2020 மார்ச்சு 4 அன்று நீக்கிய உச்சநீதிமன்றத் தீர்ப்பு, இப்பொருளின் இயல்பை வரையறுக்க முயன்ற பல நாட்டு நீதிமன்றங்களை யானையைத் தடவிய குருடர்க்கு ஒப்பிட்டது. அதே மாதங்களில் உலக நாடுகளின் ஆவண மொழி மாறிக்கொண்டிருந்தது. 2018 மார்ச்சில் புவனோசு ஐரிசில் கூடிய ஜி-20 நிதியமைச்சர்கள், இவற்றுக்கு அரசு நாணயங்களின் முதன்மைப் பண்புகள் இல்லை எனக் கூறிக் 'கிரிப்டோ சொத்து' என்னும் பெயரை ஆண்டனர். ஐரோப்பிய ஒன்றியத்தின் 2023ஆம் ஆண்டு ஒழுங்குமுறையும் அச்சொல்லையே கொண்டது. இந்தியாவில் 2022ஆம் ஆண்டு நிதிச் சட்டம் 'மெய்நிகர் எண்ணிமச் சொத்து' என்னும் கருத்தை வருமான வரிச் சட்டத்தில் புகுத்தி, அதன் கைமாற்ற வருவாய்க்கு 30 விழுக்காடு வரி விதித்தது. அதே நிதிச் சட்டம் ரிசர்வ் வங்கிச் சட்டத்தைத் திருத்தி, எண்ணிம வடிவில் வெளியிடப்படுவதும் வங்கித் தாளே என்றது. அவ்வழி வந்த எண்ணிம ரூபாயின் சோதனை வெளியீடு 2022 நவம்பர் 1இல் மொத்த நடவடிக்கைகளுக்கும், திசம்பர் 1இல் பொதுமக்களுக்கும் தொடங்கியது. 2025 அக்டோபரில் சென்னை உயர்நீதிமன்றமும் கிரிப்டோ என்பது நாணயமன்று, ஆயினும் உடைமையாக வைத்திருக்கத்தக்க சொத்து எனக் கூறியது.

ஒரே சட்டம் ஒன்றைப் பணம் என்றும் மற்றொன்றைச் சொத்து என்றும் பிரித்து வைத்திருக்க, தமிழில் முன்னதை 'எண்ணிம நாணயம்' என்றும் பின்னதை 'மறையீட்டு நாணயம்' என்றும் எழுதினால் படிப்பவர் என்ன கொள்வார்? இரண்டும் ஓரின நாணயங்கள், செய்முறையில் மட்டும் வேறானவை என்றே கொள்வார். ஒன்றின் பின்னே மைய வங்கியின் பொறுப்பு உண்டு; மற்றதன் பின்னே அது இல்லை. சேமிப்பை எதில் இடுவது என எண்ணும் ஒருவருக்கு இவ்வேறுபாட்டை மறைப்பது அடைச்சொல்லன்று, தலைச்சொல்லே. அதுவும் நேர்மை என்னும் இரண்டாம் பொருளையும் உடன்கொண்டு வரும் தலைச்சொல்.

ஆதலின் இந்தியச் சட்டச் சூழலில் 'கிரிப்டோ சொத்து' என்பதே தக்கது. இதனை எங்கும் பொதுவிதியாக்க வேண்டுவதில்லை. 2021 செப்டம்பர் 7 முதல் எல் சால்வடோரில் பிட்காயின் சட்டப்படி செல்லும் பணமாக இருந்தது. வணிகர் அதனை ஏற்றே ஆகவேண்டும் என்னும் கட்டாயம் 2025 சனவரித் திருத்தத்தால் நீங்கியது. அவ்விடைக்காலத்துச் செய்தியைப் பெயர்ப்பவர் 'நாணயம்' என எழுதினாற் குற்றமில்லை. சட்டப்படி செல்லும் பணத்தை எசுப்பானிய மொழி 'ஓட்டம்' என்னும் சொல்லால் குறிப்பதும், தமிழ் 'செல்'லால் குறிப்பதும் ஒப்பிட்டு மகிழத்தக்கன.

இனிப் 'பொருளாதாரம்' என்னும் பகுதி. ஆங்கிலத்தில் 'கிரிப்டோஎகானமி' ஒரு நடப்பு; 'கிரிப்டோஎகனாமிக்ஸ்' ஒரு துறை. ஒட்டுச் சொற்கள் இவ்விரண்டையும் குழப்புகின்றன. தமிழில் பொருளாதாரம், பொருளியல் என்னும் இணை முன்பே உண்டு. பல்கலைக்கழகத் துறைப் பெயர்களில் அது பேணப்படவில்லை என்பது வேறு. இவ்விடத்தேனும் அதனைப் பேணலாம். கிரிப்டோப் பொருளாதாரம் எனின் வாங்கல், விற்றல், கடன், வரி ஆகிய நடப்பு. கிரிப்டோப் பொருளியல் எனின், ஒருவரையொருவர் அறியாத பலர் ஒரு பதிவேட்டைப் பொய்யின்றிக் காக்குமாறு கூலியும் தண்டமும் வகுக்கும் கலை. இப்பின்னதன் சொற்களுக்குத் தமிழ் வணிக வழக்கு வியப்பூட்டும் அளவுக்கு ஆயத்தமாயுள்ளது. 2022 செப்டம்பரில் எதீரியம் 'அகழ்வு' முறையைக் கைவிட்டது. அதன்பின் பதிவைச் சரிபார்ப்போர் தம் உடைமையில் ஒரு பகுதியைப் பொறுப்பாக வைக்கின்றனர். பிழை செய்தால் அதிற் பகுதியை இழப்பர். ஆங்கிலம் இதனை 'ஸ்டேக்' என்கிறது. 'பணயம்' எனப் பெயர்த்தால் சூதாட்டம் என்னும் பொருள் முந்தும். 'ஈடு' என்றால் போதும். அடைமானப் பத்திரங்களில் இன்றும் உள்ள சொல் அது. பதிவேட்டுக்குப் 'பேரேடு' ஏற்கெனவே உண்டு. இவற்றையெல்லாம் விடுத்து 'மறை' ஒன்றைப் பற்றிக்கொண்டு நின்றது ஏனென விளங்கவில்லை.

அடைச்சொல்லாகக் 'கிரிப்டோ'வையே இருத்துவது தூய தமிழ் விழைவோர்க்கு உவப்பாயிராது. மெய்ம்மயக்க விதிப்படி பகரமெய் தன்னோடன்றிப் பிறவற்றோடு மயங்காது. எனவே '-ப்டோ' வழுவே. ஆயினும் செப்டம்பரையும் கேப்டனையும் ஏற்றுப் பழகிய நாவுக்கு இது புதிதன்று. கடன்சொல்லின் வெறுமையே இங்கு அதன் வலிமை. அது மறைவு என்றும் சொல்வதில்லை, மெய் என்றும் சொல்வதில்லை. வல்லினம் மிகுமா என்பதில் எழுதுவோர் ஒன்றுபடவில்லை. 'பொருளாதாரம்' வருமிடத்து ஒற்று மிகுவித்து இக்கட்டுரை எழுதுகிறது. 'சொத்து' முன் ஒற்று மிகுந்தால் படிப்பு இடறுகிறது. விதி இன்னும் உறுதிப்படவில்லை என்பதையே இவ்வேறுபாடு காட்டும்.

'டோக்கன்' பற்றி அதிகம் சொல்ல வேண்டுவதில்லை. நியாயவிலைக் கடை வரிசையிலும் மருத்துவமனையிலும் கையிற் பெறும் சீட்டு, பின்னர்ப் பெறவிருக்கும் ஒன்றுக்கு உரிமை தருகிறது. பல கிரிப்டோ டோக்கன்களும் அத்தகையவே. 'வில்லை' என்றாலும் பொருந்தும். 'பணப்பை' என்னும் ஆக்கமே மறுபரிசீலனைக்கு உரியது. எண்ணிம ரூபாயை வைத்திருக்கும் செயலிக்கு அப்பெயர் இயல்பானது. உள்ளே இருப்பது பணமே. கிரிப்டோ சொத்துடையோரின் 'பணப்பை'யில் எதுவும் இல்லை. சொத்து பேரேட்டில் வெறும் பதிவாக இருக்க, பையில் இருப்பது அதனைத் திறக்கும் சாவி மட்டுமே. அச்சாவியை இழந்தவர் புதிய பை வாங்கிப் பயனில்லை. 'சாவிக்கொத்து' எனப் பெயரிட்டிருந்தால் எதனைக் காக்க வேண்டும் என்பது பெயரிலேயே விளங்கியிருக்கும்.