குசலானமலையும் காலக்கணிப்பும்: கிழக்கிலங்கை வரலாற்றெழுத்துப் பற்றிய சில விமரிசனக் குறிப்புகள்

மட்டக்களப்பு வாவிக்கு மேற்கேயுள்ள உட்பிரதேசத்தில், செங்கலடியிலிருந்து பதுளைக்குச் செல்லும் நெடுஞ்சாலையிற் கரடியனாறு அமைந்துள்ளது. வயலும் காடும் பாறைக்குன்றுகளும் அடுத்தடுத்து வரும் நிலம் இது. இதனை அண்டியுள்ள குசலானமலையில் பண்டைய பிராமிச் சாசனங்கள் உள்ளன. அதே மலையில் முருக வழிபாடும் நடைபெற்று வருகின்றது. இவ்விரண்டும் ஒரே குன்றில் அமைந்திருப்பது இந்நாட்டில் வியப்புக்குரியதன்று. எனினும் அண்மைக் காலத்தில் ‘இம்மலை யாருடையது?’ என்னும் வினா எழுப்பப்பட்டு, அதற்கு விடையாகச் சாசனங்களின் காலம் முன்வைக்கப்பட்டு வருகின்றது. 2020 ஜூன் மாதத்திற் கிழக்கு மாகாணத் தொல்லியல் மரபுரிமை முகாமைத்துவத்துக்கென ஜனாதிபதி செயலணியொன்று அமைக்கப்பட்டது. அதன் தொடக்க உறுப்பினருள் தமிழரோ முஸ்லிம்களோ ஒருவரேனும் இடம்பெறவில்லை என்பதையும் இங்கு நினைவுகூர்தல் தகும்.

இத்தகைய சூழலில் வரலாற்று மாணவரின் கடமை யாது? எதிர்த்தரப்பார் கூறும் காலத்தினும் முற்பட்ட ஒரு காலத்தைத் தேடிக் கண்டுபிடிப்பதா? அன்றேல், காலக்கணிப்பு என்பது எவ்வாறு ஆக்கப்படுகின்றது, அது எதனை நிறுவவல்லது, எதனை நிறுவமாட்டாது என்று ஆராய்வதா? இரண்டாவதே நம் கடமை என நாம் கருதுகின்றோம். கிழக்கிலங்கையின் தொன்மை பற்றி இதுகாறும் எழுந்த எழுத்துகளை இந்நோக்கிற் சுருக்கமாக மதிப்பிடுவதே இக்கட்டுரையின் நோக்கமாகும்.

முதலில் யாவரும் அடிப்படையாகக் கொள்ளும் மகாவம்சத்தின் காலவரன்முறையை நோக்குவோம். புத்தர் பரிநிர்வாணம் எய்திய நாளிலேயே விசயன் இலங்கையிற் கரையிறங்கினான் என்பது அந்நூலின் கூற்று. அந்நாள் தொட்டுத் தேவநம்பிய தீசன் முடிசூடும் வரை 236 ஆண்டுகள் கணக்கிடப்படுகின்றன. விசயனுக்கு 38, அரசனில்லா ஆண்டு 1, பண்டுவாசுதேவனுக்கு 30, அபயனுக்கு 20, மீண்டும் அரசனில்லாக் காலம் 17, பண்டுகாபயனுக்கு 70, மூத்தசிவனுக்கு 60 என்பன அதன் கூறுகள். முப்பத்தேழு வயதில் அரசனான பண்டுகாபயன் 70 ஆண்டு ஆண்டான் எனின் அவன் 107 வயது வரை வாழ்ந்திருத்தல் வேண்டும்.

இதற்குப் பின்வரும் பகுதியும் இத்தகையதே. மூத்தசிவனுக்குப் பின் அவன் மைந்தர் தேவநம்பிய தீசன் 40, உத்தியன் 10, மகாசிவன் 10, சூரதீசன் 10 ஆண்டுகள் ஆள்கின்றனர். இடையில் சேனன், குத்திகன் என்னும் தமிழர் இருவர் 22 ஆண்டுகள் ஆள்கின்றனர். அவர்களை வென்று அரசேறும் அசேலனும் மூத்தசிவனின் மைந்தனே. ஆகவே தந்தை இறந்து 92 ஆண்டுகளின் பின் மைந்தன் அரியணை ஏறி, மேலும் 10 ஆண்டுகள் ஆண்டு, எல்லாளனிடம் ஆட்சியை இழக்கின்றான். இக்கணக்கை அவ்வாறே ஏற்று, எல்லாளனின் 44 ஆண்டுகளையும் கூட்டியே துட்டகைமுனுவின் முடிசூட்டு கி.மு. 161 எனப் பாடநூல்களில் அச்சிடப்படுகின்றது.

இதன் தொடக்கப் புள்ளியும் உறுதியானதன்று. பரிநிர்வாண ஆண்டைக் கி.மு. 543 எனக் கொண்டால், அதிலிருந்து 218 ஆண்டுகளின் பின் முடிசூடியதாகக் கூறப்படும் அசோகனின் காலம் கி.மு. 325 ஆகும். அவ்வாண்டிலோ அலெக்சாந்தர் இன்னும் சிந்துவெளியை விட்டு முற்றாக நீங்கவில்லை. அசோகனின் பாட்டன் சந்திரகுப்தன் அரசனாகவுமில்லை. அசோகனின் 13ஆம் பாறைச் சாசனம் தன் காலத்துக் கிரேக்க அரசர் ஐவரைப் பெயர் கூறிக் குறிப்பிடுகின்றது. அவர்களின் காலங்கொண்டு அசோகனைக் கி.மு. 3ஆம் நூற்றாண்டின் நடுப்பகுதியில் வைத்தல் வேண்டும். இவ்வாறு ஏறத்தாழ 60 ஆண்டுகள் மிகையாகின்றன. இதனாலேயே மகாவம்சத்தை ஆங்கிலத்திற் பெயர்த்த வில்ஹெல்ம் கைகர் பரிநிர்வாணத்தைக் கி.மு. 483 எனக் கொண்டார். 1988இல் ஜேர்மனியின் கோட்டிங்கன் நகரிற் புத்தரின் காலம் பற்றி நிகழ்ந்த ஆய்வரங்கின் பின்னர், அதனை மேலும் பிற்பட்ட காலத்துக்குக் கொண்டுவருவோர் தொகை பெருகியது.

இங்கு மனங்கொள்ளத்தக்கது யாதெனின், இந்நீட்டிப்பு வெறும் எண் பிழையன்று என்பதாகும். சமய வரலாற்றின் தேவைக்காகப் புத்தரின் மறைவையும் அரசின் தோற்றத்தையும் ஒரே நாளிற் பிணைத்த நூலாசிரியர், இடைப்பட்ட வெளியைச் சில அரசர்களைக் கொண்டு நிரப்ப வேண்டியவரானார். அவ்வெளியில் உண்மையில் வாழ்ந்தோர், இரும்பைப் பயன்படுத்தியும் நெல்லை விளைவித்தும் தம் இறந்தோரைத் தாழிகளிலும் கல்லறைகளிலும் அடக்கியும் வந்த மக்கள். பொம்பரிப்பு, ஆனைக்கோட்டை முதலிய இடங்களின் ஈமச்சான்றுகளும் அனுராதபுரத்தின் அடிமட்ட மண்படைகளும் இதற்குச் சான்று. அனுராதபுர அகழ்வுகளில் ஆதி இரும்புக்காலம் கி.மு. முதலாம் ஆயிரமாண்டின் முற்பகுதிக்கும், மட்கல ஓடுகளிற் பொறித்த பிராமி எழுத்துகள் கி.மு. 4ஆம் நூற்றாண்டுக்கோ அதற்கும் முன்னரோ கொண்டுசெல்லப்பட்டுள்ளன. விசயன் கதை மறைத்த காலம் இதுவே. புறக்கணிக்கப்பட்ட காலம் என நாம் கூறுவது முதன்மையாக இதனையே.

இனிச் சாசனங்களுக்கு வருவோம். பரணவிதானவின் ‘இலங்கைச் சாசனங்கள்’ முதலாம் தொகுதி 1970இல் வெளிவந்தது. முற்பட்ட பிராமிச் சாசனங்களுள் மிகப் பெரும்பாலானவை குகைகளைச் சங்கத்துக்குக் கொடையளித்தமையைக் கூறும் ஒரிரு வரிகளே. அவற்றில் ஆண்டுக் குறிப்பு அரிது. எழுத்தின் வடிவத்தைக் கொண்டே அவற்றின் காலம் மதிப்பிடப்படுகின்றது. இம்முறை ஒரு நூற்றாண்டு, சில வேளைகளில் இரு நூற்றாண்டு முன்பின்னாகவே விடை தரவல்லது. ஆகவே குன்றொன்றின் சாசனத்துக்குக் குறித்த ஓர் ஆண்டைக் கூறி, அதன்மேல் உரிமையை நிறுவுவோர், சான்று தாங்கக்கூடியதிலும் மிகுதியான பாரத்தை அதன்மேற் சுமத்துகின்றனர்.

சாசனங்கள் உண்மையில் எதனைக் கூறுகின்றன? பருமகர் என்னும் தலைவர்கள், கமிகர் என்னும் ஊர்த்தலைவர்கள், கபதி என்னும் இல்லத்தலைவர்கள், வாபிஹமிகர் எனப்படும் குளவுடைமையாளர்கள் ஆகியோரை அவற்றிற் காண்கின்றோம். குளமும் நிலமும் சிலரின் உடைமையாகி, உபரி விளைவு தோன்றி, அவ்வுபரியின் ஒரு பகுதி துறவோருக்குக் கொடையாகச் சென்ற சமுதாயம் ஒன்று நம்முன் விரிகின்றது. பருமக என்னும் சொல் ‘பிரமுக’ என்பதன் திரிபா, ‘பெருமகன்’ என்பதன் வழிவந்ததா என்று நீண்ட விவாதம் நடந்துள்ளது. ஆனால் அப்பருமகர் எவரின் உழைப்பிற் பருமகராயினர் என்ற வினாவை எழுப்பியோர் மிகச் சிலரே.

சாசனங்கள் வரலாற்று நூல்களைத் திருத்தவும் வல்லன. அம்பாறை மாவட்டத்துப் போவத்தகல, கோட்டதாமூகெல ஆகிய இடங்களின் சாசனங்கள் பத்துச் சகோதரரின் மரபைச் சேர்ந்த ஆட்சியாளரைக் குறிப்பிடுகின்றன. இம்மரபின் ஆட்சியை மகாவம்சம் கூறவில்லை. தாதுவம்சம் இச்சகோதரரின் அழிவை மட்டும் ஓரிடத்தில் குறிப்பிடுகின்றது. மறுபுறம், இராசகலச் சாசனம் மகிந்த தேரரையும் இத்திய தேரரையும் பெயர் கூறி, வம்ச நூல்களின் மரபுக்கு அரண் செய்கின்றது. ஆகவே மகாவம்சத்தை முற்றாக ஏற்பதும் முற்றாகத் தள்ளுவதும் ஒருங்கே பிழையாகும்.

மொழி, சமயம், இனம் ஆகியன பற்றியும் இங்குக் கூறுதல் வேண்டும். சாசனத்தின் மொழி பிராகிருதம் என்பதால் அதனைப் பொறிப்பித்தோர் அனைவரும் இன்றைய பொருளிற் சிங்களவர் ஆகிவிடார். ஆந்திரத்துச் சாதவாகனர் சாசனங்களும் பிராகிருதத்திலேயே உள்ளன. பௌத்தம் என்பதாலும் அவ்வாறு முடிவு கொள்ளல் இயலாது; மணிமேகலையைத் தந்த மொழியினருக்கு இதனை விளக்க வேண்டியதில்லை. அம்பாறை மாவட்டத்துக் குடுவில் சாசனம் தீகவாபி வணிகரின் கொடையைக் கூறுமிடத்துத் திஸ்ஸா என்னும் பெண்ணைத் ‘தமேட’ என்ற அடையுடன் குறிப்பிடுகின்றது. பெயர் பௌத்தச் சூழலுக்குரியது. அடையோ தமிழரைச் சுட்டுவது. இன்றைய எல்லைக்கோடுகள் அன்று இவ்வாறு இடப்பட்டிருக்கவில்லை.

தமிழ் எழுத்தாளரும் இவ்விமரிசனத்துக்குப் புறம்பானவரல்லர். 1962இல் எப். எக்ஸ். சி. நடராசா பதிப்பித்த ‘மட்டக்களப்பு மான்மியம்’ நிகழ்ச்சிகளுக்குக் கலியாண்டுக் கணக்குத் தருகின்றது. இவ்வாண்டுகளைக் கிறித்துவ ஆண்டுகளாக மாற்றி, அரசர் வரிசையொன்றை வகுத்து, அதனை மறுக்கவொண்ணா வரலாறாக எழுதும் வழக்கம் நம்மிடையே வேரூன்றியுள்ளது. கலிங்கத்துக் குகசேனன் மகள் உலகநாச்சி புத்தரின் தசனத்துடன் மேகவர்ணனிடம் வந்து, மண்முனைப் பகுதியைப் பெற்றாள் என்பது மான்மியக் கதை. இதே தந்தசின்னத்தைக் குகசிவன் மகள் ஏமமாலை கொணர்ந்தாள் எனப் பாளி நூல் கூறும். ஒரே கதையின் இரு வடிவங்கள் இவை. ஒன்றைக் கொண்டு மற்றொன்றின் காலத்தை உறுதிப்படுத்துதல் வட்டத்திற் சுற்றுவதாகும்.

இதனால் மான்மியம் பயனற்றதென்று கூறினோமில்லை. கோயில் உரிமைகள், குடிமுறை, வன்னியர் ஆதிக்கம், காடு வெட்டிக் களனியாக்கிய நினைவு ஆகியன அதிற் செறிந்துள்ளன. அது கூறும் காலத்தைவிட, அது தொகுக்கப்பட்ட காலத்தின் சமுதாய ஒழுங்குக்கே அது சிறந்த சான்று. 1215இல் மாகன் வருகைக்கு முற்பட்ட ஏறத்தாழ ஆயிரம் ஆண்டுகளை மான்மியத்தைக் கொண்டு நிரப்ப முயல்வது, 236 ஆண்டுகளை ஐந்து அரசர்களைக் கொண்டு நிரப்பிய முறைக்கு ஒப்பானதே. முற்பட்ட பிராமிச் சாசனங்களுக்கும் மாகனுக்கும் இடைப்பட்ட இக்காலமே நம் கவனத்துக்குரிய இரண்டாவது புறக்கணிக்கப்பட்ட காலமாகும்.

அண்மைக்கால ஆய்வுகளுட் பேராசிரியர் சி. பத்மநாதனின் ‘கிழக்கிலங்கையில் நாகரும் தமிழரும்’ (2016) தனித்துக் குறிப்பிடத்தக்கது. மட்டக்களப்புப் பிரதேசத்தின் ஊர்தோறுமுள்ள தொல்பொருட் சின்னங்களின்பால் ஆய்வுலகின் கவனத்தை ஈர்த்தமை அந்நூலின் பெரும்பணி. கற்களிலும் பிற பொருள்களிலும் ‘மணிணாகன்’ போன்ற சொற்கள் தமிழ்ப் பிராமியிற் பொறிக்கப்பட்டுள்ளன என்றும், நாகர் தமிழ்மொழி பேசியோர் என்றும் அந்நூல் வாதிடுகின்றது. இவ்வாதத்தின் முன் நாம் சில வினாக்களை வைக்க விரும்புகின்றோம். பொருளின் காலமும் அதன்மீதுள்ள பொறிப்பின் காலமும் ஒன்றே என்பதற்கு உறுதி யாது? மண்படையிலிருந்து முறையாக எடுக்கப்படாத பொருளுக்கு எழுத்தமைதி ஒன்றே காலம் வகுக்கப் போதுமா? நாகன் என்னும் பெயர் அனுராதபுர அரசரிடையேயும் சங்கப் புலவரிடையேயும் ஒருங்கே வழங்கியிருக்க, அதனை ஓரினத்தின் அடையாளமாகக் கொள்ளலாமா? இவ்வினாக்களுக்கு விடை, படிகளும் ஒளிப்படங்களும் பிற அறிஞர் முன் வைக்கப்பட்டுச் சோதிக்கப்படும்போதே கிட்டும்.

இச்சோதனையின் இன்றியமையாமையைப் பரணவிதானவின் வரலாறே கற்பிக்கின்றது. ஈடிணையற்ற அச்சாசனவியலாளர் தம் இறுதிக் காலத்தில், அறியப்பட்ட சாசனங்களின் வரிகளுக்கிடையே வேறு நூல்கள் பொறிக்கப்பட்டுள்ளன எனக் கூறி, அவற்றைக் கொண்டு புதிய வரலாறுகளை எழுதினார். அவ்வெழுத்துகளைப் பிற அறிஞர் காணவியலவில்லை. இதற்கு மாறான முன்மாதிரி பேராசிரியர் கா. இந்திரபாலா. 1965இல் தம் கலாநிதிப் பட்ட ஆய்வில் முன்வைத்த கருத்துகளை, நாற்பது ஆண்டுகளின் பின் 2005இல் வெளியிட்ட நூலில், புதிய சான்றுகளின் ஒளியில் அவரே மறுபரிசீலனை செய்தார். ஆய்வு நேர்மை என்பது இதுவே.

தமிழகத்திலும் காலக்கணிப்பு இன்று அரசியற் களமாகியுள்ளது. கீழடியின் காலம் கி.மு. 6ஆம் நூற்றாண்டு வரை செல்வதாக மாநிலத் தொல்லியல் துறை 2019இல் அறிவித்தது. முதலிரு கட்ட அகழாய்வுகளின் அறிக்கையைத் திருத்தித் தருமாறு இந்தியத் தொல்லியல் துறை 2025இற் கோரியமை பெரும் சர்ச்சையாயிற்று. எனினும் அங்கு விவாதத்துக்கு அடிப்படையாக அகழ்வுக் குழிகளும் ஆய்வுகூட முடிவுகளும் உள்ளன. மட்டக்களப்பின் வடபாலுள்ள கதிரவெளியின் பெருங்கற்காலச் சின்னங்களோ ஆய்வுநூல்களிற் பெயரளவிலேயே பெரிதும் இடம்பெறுகின்றன. குசலானமலை போன்ற குன்றுகளின் அடிவாரங்கள், குளக்கட்டுகள், இரும்புக் கழிவுகள், பண்டை நெல்மணிகள் ஆகியன ஆராயப்படும்போதே பருமகருக்கு முற்பட்ட உழைப்பாளரின் வரலாறு வெளிப்படும். அவ்வாய்வு இரு மொழியினரும் பங்கேற்று, முடிவுகளை மூன்று மொழிகளிலும் வெளியிடுவதாய் அமைதல் வேண்டும்.

இறுதியாக ஒன்று. முந்தி வந்தவனுக்கே நிலம் உரியது என்னும் அளவுகோலை ஏற்று, நாமே முந்தியோர் என நிறுவ முயல்வோமாயின், அவ்வளவுகோல் யார் யாரைப் புறந்தள்ளும் என்பதையும் எண்ணுதல் வேண்டும். பத்தொன்பதாம் நூற்றாண்டில் வந்து கோப்பியும் தேயிலையும் விளைவித்த மலையகத் தமிழரை அந்நியர் எனக் கூறி 1948இற் குடியுரிமை மறுத்தமைக்கு அடிப்படையாக நின்றதும் இவ்வளவுகோலே. ஏறாவூர் முஸ்லிம்களையும் நாளை அது வினவும். கரடியனாற்று விவசாயியின் நிலவுரிமையும் வழிபாட்டுரிமையும் அவர் இன்று அங்கு வாழ்ந்து உழைப்பதால் உறுதிபெறுவன; இரண்டாயிரம் ஆண்டுகளுக்கு முற்பட்ட எழுத்தொன்றின் வடிவத்தால் அவை கூடவோ குறையவோ மாட்டா. இவ்வேறுபாட்டை நாம் தெளிவாக வற்புறுத்தினாலன்றி, குசலானமலையின் சாசனங்களை அச்சமின்றிப் படிக்கும் வாய்ப்பு எத்தரப்பினருக்கும் கிட்டாது.