ஒரே கட்டையில் இருவர்

சின்னசேலம் பக்கத்துப் பட்டறை ஒன்றில் இரண்டடி உயர ராதா கிருஷ்ணர். இன்னும் மெருகேற்றவில்லை. அவன் கை அவள் முதுகைச் சுற்றியிருக்கிறது. ஆனாலும் அவள் கன்னத்துக்கும் அவன் தோளுக்கும் நடுவே ஒரு விரல் நுழையும் இடைவெளி. நான் நெடுநேரம் பார்த்துக்கொண்டிருந்தது அந்த இடைவெளியைத்தான்.

2021-ல் புவிசார் குறியீடு பெற்ற கள்ளக்குறிச்சி மரச்சிற்பம் என்றதும் பலருக்குப் பிள்ளையாரும் வாசற்கதவும் நினைவுக்கு வரும். என்னை இழுப்பவை ஜோடிச் சிற்பங்கள். களிமண்ணில் இருவரைத் தனித்தனியே பிடித்து ஒட்டிவிடலாம். ஒரே கட்டையில் செதுக்குகிறவருக்கு அந்த வசதி கிடையாது. அங்கே இருவரும் முதலில் ஒன்றாகவே இருக்கிறார்கள். பிரிப்பதுதான் உளியின் வேலை. எந்த இடத்தில் பிரிக்காமல் விடுவது என்று தெரிந்தவரே கைதேர்ந்தவர்.

இந்தச் சிலைக்கு மரம் வாகை. வென்றவர்கள் பூச்சூடிய மரம் காதலுக்கும் வளைந்து கொடுத்திருக்கிறது! வைரம் பாய்ந்த பகுதி கரும்பழுப்பு, வெளிப்பகுதி வெளிறிய நிறம். கரிய ரேகை ஒன்று அவன் முன்கையில் கிளம்பி, அவள் தோளில் ஏறி, பின்னலுக்குள் மறைகிறது. ஓவியர் இளையராஜா சன்னல் வெளிச்சத்தில் ஒரு பெண்ணை நிறுத்தியே ஏக்கத்தைச் சொன்னார். வண்ணமும் வெளிச்சமும் கையில் இல்லாத தச்சருக்கு அந்த ஒற்றை ரேகை போதுமானதாக இருக்கிறது.

இதே கள்ளக்குறிச்சி மாவட்டத்தில்தான் திருக்கோவிலூர். குறிஞ்சிப்பாட்டுப் பாடிய கபிலர், பாரி மகளிரை மணமுடித்துக் கொடுத்துவிட்டு அங்கே தீப்பாய்ந்தார் என்பது மரபு. தென்பெண்ணையின் நடுவே நிற்கும் பாறையைக் கபிலர் குன்று என்றே அழைக்கிறார்கள். மேற்கே கல்வராயன் மலை. மலை நிலமான குறிஞ்சிக்கு உரிய பொருள் கூடல். அந்தக் கூடலுக்குள்ளும் கொஞ்சம் நாணத்தை வைத்தார்கள் சங்கப் புலவர்கள். பட்டறையில் கண்ட ஒரு விரல் இடைவெளி எனக்கு அந்த நாணமாகவே பட்டது.

கண்களை மட்டும் செதுக்காமல் விட்டிருந்தார்கள். கடைசியில்தான் கண் திறப்பு. "ஒரு இழை கூடப் போச்சுன்னா கோவப் பார்வையாயிடுங்க" என்றார் பட்டறைப் பெரியவர், கொட்டாப்புளியைக் கீழே வைத்துவிட்டு.

அடுத்த வாரம் போனேன். கண் திறந்தாகிவிட்டது. அவன் அவளைப் பார்க்கிறான். அவள் பார்வை அவன் குழல்மேல் இருக்கிறது.