நிலம் மயங்காது, பொழுது மயங்கும்

மயிலாப்பூர் அறுபத்து மூவர் விழாவைப் பற்றிக் கேட்டால் என் பாட்டி உடனே சொல்வார்: "தெற்கு மாட வீதி முனையில, மோர்ப் பந்தலை ஒட்டி நின்னேன். உங்கம்மா என் இடுப்புல." எந்த வருஷம் பாட்டி என்றால் விரல் மடக்கத் தொடங்குவார். "உங்கம்மாவுக்கு அப்ப பல்லு முளைச்சாச்சு. பெரியவன் பள்ளிக்கூடம் போயிட்டிருந்தான்..." இடம் கேட்டதும் வந்தது; வருஷத்தைக் கணக்குப் போட்டுத்தான் பிடிக்க வேண்டியிருந்தது.

இது முதுமையின் மறதி இல்லை. நம் எல்லோருக்கும் நினைவு இப்படித்தான் இயங்குகிறது. உளவியலாளர் வில்லியம் ஃபிரீட்மன் 1993இல் இத்துறை ஆய்வுகளைத் தொகுத்து எழுதியதன் சாரம் இதுதான்: நினைவின் மேல் தேதி முத்திரை கிடையாது, கிடைக்கும் தடயங்களைக் கொண்டு காலத்தை ஊகிக்கிறோம். நிலநடுக்கம் ஒன்றை உணர்ந்தவர்களிடம் மாதங்கள் கழித்து அவர் கேட்டபோது, நேரத்தை ஓரளவு நெருங்கிச் சொன்னவர்கள் மாதத்தில் தடுமாறினார்கள்.

மூளைக்குள் பார்த்தால் இடமும் காலமும் ஒரே வீட்டில்தான் குடியிருக்கின்றன. எலி மூளையின் ஹிப்போகேம்பஸ் என்ற நினைவுப் பகுதியில், குறிப்பிட்ட இடத்துக்கு வந்தால் மட்டும் துடிக்கும் செல்களை ஜான் ஓ'கீஃப் 1971இல் அறிவித்தார். 2014இல் நோபல் பரிசில் பாதி அவருக்குக் கிடைத்தது. அதே பகுதியில், கழியும் கணங்களை வரிசையாகக் குறிக்கும் செல்களை 2011இல் ஹோவர்ட் ஐக்கன்பாம் குழுவினர் விவரித்தார்கள்.

தொல்காப்பியரும் நிலத்தையும் பொழுதையும் சேர்த்தே முதற்பொருள் என்றார். ஆனால் ஒரு திணைக்குரியது இன்னொன்றில் கலக்கும் மயக்கம் பற்றிச் சொல்லும்போது நிலங்கள் ஒருங்கே மயங்குவதில்லை என்று வரம்பு கட்டினார். பொழுது மயங்கும் என்று உரைகாரர்கள் பொருள் கொண்டார்கள். அது செய்யுளுக்குச் சொன்ன இலக்கணம்தான். இருந்தும் பாட்டியின் நினைவுக்கு இதைவிடப் பொருத்தமான விளக்கத்தை நான் கண்டதில்லை. தெற்கு மாட வீதி முனைக்கு நாளைக்கும் போய் நிற்கலாம். அந்த வருஷத்துக்குப் போக வழியில்லை. திரும்பப் போக முடிந்ததுதான் மனதில் நிலைக்கிறது என்று நினைக்கிறேன்.

அதே மயிலாப்பூரில் இதற்கு நேர்மாறாகவும் நடந்திருக்கிறது. ஏழாம் நூற்றாண்டில் சம்பந்தர் பாடிய பூம்பாவைப் பதிகம் ஐப்பசி ஓணம், கார்த்திகை விளக்கீடு, தைப்பூசம், மாசிக் கடலாட்டு, பங்குனி உத்திரம் என்று இவ்வூர்த் திருநாள்களை அடுக்கிச் செல்கிறது. அவர் பாடிய, கடலோரத்தில் இருந்த பழங்கோயில் போர்த்துகீசியர் காலத்தில் அழிந்தது. இன்றைய கோயில் அதற்குப் பின் உள்ளே தள்ளி எழுந்தது. நிலம் மாறிவிட்டது, பங்குனி மாறவில்லை. திருவிழா காலத்துக்கும் ஒரு முனையைக் கொடுக்கிறது. ஆண்டுதோறும் அங்கே திரும்பிப் போய் நிற்கலாம். மாம்பலம் ஏரியும் இடத்தை இழந்தது; ஆனால் அதற்கு அப்படி ஒரு திருநாள் வாய்க்கவில்லை. 1920களில் அதைத் தூர்த்துத் தியாகராய நகரை எழுப்பினார்கள். மேற்கு மாம்பலத்தில் 'லேக் வியூ ரோடு' என்ற பெயர் மட்டும் மிஞ்சியிருக்கிறது.

வீட்டுப் பெரியவர்களிடம் பழைய கதை கேட்பவர்கள் வருஷத்தைக் கேட்டு அவர்களைத் திணறடிக்க வேண்டாம். "எங்கே நின்னீங்க?" என்று முதலில் கேளுங்கள்.