வெட்டாமல் விட்டது

நல்ல படத்தொகுப்பு கண்ணுக்குத் தெரியாது என்பார்கள். வீட்டு வேலையைப் பற்றியும் இதையேதான் சொல்கிறார்கள். எங்கள் தோவாளையில் பூக்கட்டும் பெண்களுக்கும் இதே சட்டம்தான்: மாலையில் நார் தெரியக் கூடாது. ரீனா மோகனின் பணியைப் பார்த்த பிறகு, இது பாராட்டுதானா என்றே எனக்குச் சந்தேகம்.

புனே திரைப்படக் கல்லூரியில் படத்தொகுப்பு பயின்ற ரீனா, பிறர் இயக்கிய ஆவணப்படங்கள் பலவற்றைத் தொகுத்தவர். அவரே இயக்கித் தொகுத்த ‘கமலாபாய்’ 1991இல் வந்தது. தேசிய விருதும் பெற்றது. பால்கேயின் ‘ராஜா ஹரிச்சந்திரா’வில் (1913) தாராமதியாக நடித்தவர் ஓர் ஆண். அதே ஆண்டில் எடுத்த ‘மோகினி பஸ்மாசுர்’ படத்தில் கமலாபாய் கோகலேயும் அவருடைய தாய் துர்காபாயும் நடித்தார்கள். இந்தியத் திரையின் முதல் நடிகைகள் இவர்கள்.

எண்பதைக் கடந்த கமலாபாய், கேட்ட கேள்விக்கு மட்டும் பதில் சொல்லிவிட்டு அடங்குபவர் அல்ல. கேமராவுக்குப் பின்னால் நிற்பவர்களோடும் பேசுகிறார். வழக்கமான ஆவணப்படத்தில் இந்தப் பேச்சுதான் முதலில் வெட்டுப்படும். ‘முதல் நடிகை’ என்ற சிலை மட்டும் மிஞ்சும். ரீனா அதை வெட்டவில்லை. அதனால் நமக்குக் கிடைப்பவர், தன்னைப் படம்பிடிப்பவரையே எடைபோடும் ஒரு கிழவி.

இதனால் தொகுப்பாளரின் அதிகாரம் போய்விடவில்லை. எதை வைப்பது, எதை விடுவது என்பதை அப்போதும் ரீனாவே முடிவு செய்கிறார். ஆனால் அப்படி ஒரு அதிகாரம் இருப்பதை நம்மிடம் மறைக்கவில்லை. நாரைத் தெரியவிட்ட மாலை இது.

தெரிந்தால் மட்டும் போதுமா? சீகா வெர்தோவின் ‘மூவி கேமராவுடன் மனிதன்’ (1929) படத்தில், அவருடைய மனைவி எலிசவேத்தா ஸ்விலோவா படச்சுருளைத் தொகுப்பதைத் திரையிலேயே பார்க்கிறோம். ஆனாலும் மாணவிகள் பரீட்சையில் எழுதும் பெயர் வெர்தோவ். முகம் காட்டிய பெண்ணுக்கும் பெயர் நிற்கவில்லை.

இது நமக்குத் தொலைதூரத்துச் சங்கதி அல்ல. 2017இல் ஒக்கிப் புயலுக்குப் பின் எங்கள் கடற்கரைப் பெண்கள் எத்தனையோ கேமராக்களின் முன் நின்றார்கள். செய்திகளில் திரும்பத் திரும்ப வந்தது அவர்களுடைய அழுகை. தேடப் போகாதது ஏன் என்று அரசைக் கேட்ட கேள்விகளுக்கு அத்தனை இடம் கிடைக்கவில்லை. அழுகையை வைத்துக் கேள்வியை வெட்டியதும் படத்தொகுப்புதான். கண்ணுக்குத் தெரியாத, ‘நல்ல’ படத்தொகுப்பு.

ஆகவே, ஒரு பெண் பேசும் படத்தைப் பார்க்கும்போது, அவர் வாய் மூடும் இடத்தைக் கவனியுங்கள். அவராக நிறுத்தினாரா, நிறுத்தப்பட்டாரா? படம் முடிந்ததும் எழுந்துவிடாமல், தொகுத்தவர் பெயர் வரும்வரை உட்கார்ந்திருங்கள்.