தேக்காவும் ஆற்றுப்படையும்

நூலுக்கு மதிப்புரை எழுதுகிறோம், நாடகத்தை ஆராய்கிறோம், மேடைப் பேச்சையும் எடை போடுகிறோம். ஆனால் ஊரைச் சுற்றிக் காட்டும் வழிகாட்டியின் பேச்சை ஆராய்வார் இலர். அதுவும் ஒருவகை இலக்கியமே. அதற்குத் தொடக்கம் உண்டு, முடிவு உண்டு; தேர்ந்து சொன்னவை உண்டு, சொல்லாமல் விட்டவையும் உண்டு. பல நாட்டு மக்கள் அப்பேச்சைக் கேட்டு, ‘இவ்வூர் இத்தகையது, இவ்வூரார் இத்தகையவர்’ என்ற முடிவோடு வீடு திரும்புகிறார்கள். நம்மைப் பற்றிப் பிறர் கொள்ளும் எண்ணத்தை உருவாக்கும் ஒன்றை நாம் ஆராயாமல் விடுவது நன்றன்று.

தஞ்சையிலிருந்து என் பெரியப்பா மகனும் அவர் மனைவியும் அண்மையில் வந்து, பூன் லேயிலுள்ள எங்கள் வீட்டில் இரண்டு வாரம் தங்கினார்கள். அண்ணனுக்கு ஊர் பார்ப்பதில் ஆசை அதிகம். எங்கள் மூவருக்கு மட்டுமாக ஒரு வழிகாட்டியை அமர்த்திக்கொண்டோம். இத்தொழிலுக்குச் சிங்கப்பூரில் உரிமம் வேண்டும். பயிற்சி பெற்றவருக்கே அது கிடைக்கும். ஒரு ஞாயிறு பிற்பகல் பூன் லேயில் ரயிலேறி, ஊட்ரம் பார்க்கில் மாறி, லிட்டில் இந்தியா நிலையத்தில் இறங்கினோம். இரண்டரை மணி நேர நடை. பேச்சு ஆங்கிலத்தில், அண்ணிக்கு நான் தமிழில் சொல்லி வந்தேன்.

நிறைகள்

முதலில் நிறைகளைச் சொல்லவேண்டும். குரல் தெளிவானது. வெயிலில் நிறுத்தாமல், ஐந்தடிப் பாதையின் நிழலிலேயே எங்களை அழைத்துச் சென்றார். வயதானவர்களின் நடைக்கு ஏற்பத் தம் நடையைக் குறைத்துக்கொண்டார். எந்த இடத்தில் நின்றால் கோபுரம் முழுவதும் கண்ணுக்குள் அடங்கும் என்பதை அறிந்திருந்தார். டன்லப் தெருவிலுள்ள அப்துல் கபூர் பள்ளிவாசலின் முகப்பில், கதிர்கள் விரியும் சூரிய வடிவைப் பொறுமையாக விளக்கினார்.

ஆயினும், நடை முடிந்து திரும்பும்போது எங்கள் மனத்தில் நின்றவை எவை? கெர்பாவ் சாலையில் பல வண்ணம் பூசிய ஒரு சீன வீடு, மல்லிகை மாலை, மஞ்சள், ஏலம், கிராம்பு, பட்டுச் சேலை, வாழையிலைச் சாப்பாடு. எல்லாம் கண்ணுக்கும் மூக்குக்கும் நாவுக்கும் உரியவை. ஐம்பது ஆண்டுகளாகச் சமைத்துவரும் அண்ணியிடம், ‘இதுதான் மஞ்சள்’ என்று ஒரு கிழங்கை எடுத்துக் காட்டியபோது, அவர் என்னைப் பார்த்துச் சிரித்துக்கொண்டார்.

வீரமாகாளியம்மன் கோயில் வாசலில் அண்ணி கேட்டார்: “தம்பி, இந்தக் கோயிலை யார் கட்டினார்கள் என்று கேளுங்கள்.” வழிகாட்டி ஓர் ஆண்டைச் சொன்னார். “ஆண்டு இருக்கட்டும், யார் கட்டினார்கள்? அவர்கள் என்ன வேலை பார்த்தார்கள்?” வழிகாட்டி புன்னகை செய்து, கோபுரத்துச் சிற்பங்களை எண்ணத் தொடங்கினார். அந்த இடத்திலேதான் என் ஆராய்ச்சி தொடங்கியது.

பழைய அளவுகோல்

வழிகாட்டும் பேச்சையே இலக்கிய வகையாக வளர்த்தவர்கள் தமிழர்கள். பத்துப்பாட்டில் ஐந்து ஆற்றுப்படை. பரிசில் பெற்றுத் திரும்பும் ஒருவன், வறுமையோடு எதிரே வருபவனை நிறுத்தி, தான் சென்ற வழியையும் பெற்ற பேற்றையும் சொல்வது அதன் அமைப்பு. திருமுருகாற்றுப்படையில் பேறு வீடுபேறாகிறது. மற்ற நான்கில் அது வயிற்றுப் பசி தீர்க்கும் வாழ்வு. இப்பாட்டுகளிலிருந்து வழிகாட்டுவோனுக்குரிய மூன்று இலக்கணங்களைப் பெறலாம்.

ஒன்று: சொல்பவன் அவ்வழியில் தானே நடந்தவன், கேட்பவனின் தேவையை அறிந்தவன். பாணனுக்குப் பாணனே வழி சொல்கிறான்.

இரண்டு: அவன் இடத்தைக் காட்டும்போது அங்கு வாழ்வாரையும் அவர்தம் தொழிலையும் காட்டுகிறான். சிறுபாணாற்றுப்படையில் எயிற்பட்டினத்து நுளையர் வீட்டில் சுட்ட மீன். வேலூர் எயினர் வீட்டில் புளிச்சோறு. ஆமூர் உழவர் வீட்டில் நண்டோடு வெண்சோறு. உணவைச் சொல்வதே அங்கு வாழ்வாரைச் சொல்வதாகிறது. பெரும்பாணாற்றுப்படை மிளகைக் காட்டும்போது, அதைச் சுமந்து வரும் கழுதைகளையும், அவற்றை ஓட்டி வரும் வணிகரையும், சுங்கம் கொள்ளும் பெருவழியையும் சேர்த்தே காட்டுகிறது. மிளகு மட்டும் தனியே மணப்பதில்லை.

மூன்று: அவன் இடர்களை மறைப்பதில்லை. மலைபடுகடாத்தில் பன்றிக்கு வைத்த பொறியும், பாம்பு கிடக்கும் குழியும், தினைப்புனக் காவலர் எறியும் கவண் கல்லும் முன்கூட்டியே சொல்லப்படுகின்றன. இடரைச் சொல்லாதவன் வழிகாட்டி அல்லன். கோவலன் கதையை எண்ணிப் பாருங்கள். காட்டு வழியில் மாங்காட்டு மறையவன் மூன்று நெறிகளையும் அவற்றின் இன்னல்களையும் எடுத்துரைக்கிறான். மதுரை நகரத்துக்குள்ளே கோவலன் தனியே ஊர் காண்கிறான். கடைவீதிகளின் செல்வத்தையெல்லாம் கண்டு மகிழ்கிறான். அந்நகரத்தின் பொற்கொல்லன் எத்தகையவன் என்று சொல்ல அங்கு ஒருவரும் இல்லை. கண்காட்சி அவனுக்குக் கிடைத்தது, வழிகாட்டல் கிடைக்கவில்லை.

சுண்ணாம்புக் கம்பம்

இந்த அளவுகோலால் சிராங்கூன் சாலை நடையை அளந்து பார்ப்போம்.

இவ்வட்டாரத்தைப் பழந்தமிழர் ‘லிட்டில் இந்தியா’ என்று அழைக்கவில்லை. அப்பெயர் சுற்றுலாவோடு வளர்ந்த பெயர். 1989இல் பாதுகாப்பு வட்டாரமாக அறிவிக்கப்பட்டபோது நிலைபெற்றது. முன்னோர் ‘சுண்ணாம்புக் கம்பம்’ என்றார்கள். சுண்ணாம்பு நீற்றிய இடம் அது. கம்பம் என்பது மலாய் மொழியில் சிற்றூர். வீரமாகாளியம்மன் கோயிலுக்கே சுண்ணாம்புக் கம்பக் கோயில் என்ற வழக்கு இருந்தது. அண்ணி கேட்ட கேள்விக்கு விடை கோயிலின் பழைய பெயரிலேயே இருந்தது. ‘அம்மா, சுண்ணாம்புக் காளவாயில் உழைத்தவர்கள் வழிபட்ட கோயில்’ என்று ஒரு வரி போதும்.

சுண்ணாம்போடு செங்கல் சூளைகளும் இச்சாலையில் இருந்தன. அந்த நாளைய சிங்கப்பூரின் கட்டடங்களை எழுப்பியவர் யார்? 1825இல் பென்கூலனிலிருந்து இந்தியக் கைதிகள் இங்கே கொண்டுவரப்பட்டார்கள். 1873 வரை அம்முறை நீடித்தது. சாலை போட்டவர்களும் சதுப்பைத் தூர்த்தவர்களும் அவர்கள். 1862இல் அர்ச்சிக்கப்பட்ட புனித ஆண்ட்ரூ பேராலயமும், 1869இல் முடிந்து இன்று அதிபர் மாளிகையாக விளங்கும் இஸ்தானாவும் அவர்கள் உழைப்பில் எழுந்தவை. பேராலயத்தின் வெண்மைக்குக் காரணம் சென்னைச் சுண்ணாம்பு என்னும் பூச்சு: கிளிஞ்சல் சுண்ணாம்பு, முட்டை வெண்கரு, சர்க்கரை, தேங்காய் மட்டை ஊறிய நீர். செட்டிநாட்டுச் சுவர்களைத் தடவிப் பார்த்தவர்களுக்கு இக்கைத்திறன் புதிதன்று. சிராங்கூன் சாலையில் நின்றுகொண்டே பேராலயத்தின் சுவரைப் பற்றிப் பேச முடியும். பேசியிருந்தால், இந்தச் சிறு வட்டாரம் பெருநகரத்தோடு சேர்ந்திருக்கும்.

எருமைச் சாலை என்ற பெயர்ப்பலகையின் முன் நின்று படம் எடுத்தோம். மாட்டு வணிகத்தைப் பற்றி இரண்டு வாக்கியம் கேட்டோம். ரோச்சோர் ஆற்றங்கரையின் தாழ்நிலத்தில் நீரும் புல்லும் இருந்ததால் அத்தொழில் இங்கு வளர்ந்தது. கல்கத்தாவிலிருந்து வந்த யூத வணிகர் பெலிலியோஸ் மாட்டு வணிகத்தில் ஓங்கியவர். அவர் பெயரால் இன்றும் ஒரு தெரு உண்டு. மலாய்க்காரர் இவ்விடத்தைக் காண்டாங் கெர்பாவ், அதாவது எருமைத் தொழுவம் என்றார்கள். அருகிலுள்ள பெரிய மகப்பேறு மருத்துவமனை அப்பெயரின் முதலெழுத்துகளையே இன்றும் தாங்கி நிற்கிறது. சீனர் மூங்கிலடி என்னும் பொருளில் தேக்கா என்றார்கள். அச்சொல்லைத் தமிழரும் தமதாக்கிக்கொண்டார்கள். ஓரிடத்துக்கு மூவினத்தார் மூன்று பெயர் இட்டிருக்கிறார்கள். இதைவிடச் சிறந்த பாடம் வேறு என்ன வேண்டும்?

வண்ணம் பூசிய சீன வீடும் அப்படியே. அது 1900இல் எழுந்த டான் டெங் நியாவின் வீடு. கரும்பிலிருந்து இனிப்புப் பண்டம் செய்யும் தொழிற்கூடங்களை இச்சாலைப் பக்கம் நடத்தியவர் அவர். கரும்புச் சக்கையை எரித்து ரப்பர் தாள்களைப் புகையிட்டார் என்பது வரலாறு. இன்று நாம் காணும் வண்ணம் பிற்காலத்தது. வண்ணத்தைக் காட்டியவர் சக்கையைக் காட்டவில்லை. கிளைவ், ஹேஸ்டிங்ஸ், டல்ஹௌசி என்று இந்தியாவை ஆண்ட வெள்ளையரின் பெயர்கள் சிங்கப்பூர்த் தெருக்களில் ஏன் நிற்கின்றன என்றும் அவர் சொல்லவில்லை.

சொல்லாத இடர்

ஞாயிறு மாலை ஆகையால் தொழிலாளர் கூட்டம் நிறைந்திருந்தது. “கைப்பையைக் கவனித்துக்கொள்ளுங்கள்” என்றார் வழிகாட்டி. இரண்டரை மணி நேரத்தில் அவர் சொன்ன இடர் இது ஒன்றே. சற்று நேரத்துக்குப்பின் ரேஸ் கோர்ஸ் சாலைச் சந்திப்பைக் கடந்தோம். 2013 டிசம்பர் 8ஆம் நாள், தமிழ்நாட்டிலிருந்து வந்து கட்டுமானத் தொழில் செய்த 33 வயது இளைஞர் ஒருவர் பேருந்தின் அடியில் சிக்கி மாண்ட இடம் அது. அன்றிரவு கலவரம் மூண்டது; விசாரணைக் குழு அமைந்தது; 2015இல் மதுக் கட்டுப்பாட்டுச் சட்டம் வந்தது. அச்சந்திப்பில் எங்கள் வழிகாட்டி குதிரைப் பந்தயத்தைப் பற்றிப் பேசினார். பந்தயத் திடல் அங்கு இருந்ததும், 1933இல் அது புக்கித் தீமாவுக்குப் பெயர்ந்ததும் உண்மையே. ஆனால் அவ்விடத்தின் அண்மை வரலாறு அதுவன்று.

விருந்தினருக்குத் துயரச் செய்தி எதற்கு என்று சிலர் கேட்கலாம். அக்கேள்வியில் நியாயம் இல்லாமல் இல்லை. ஓய்வு நாளில் இன்பத்துக்காகப் பணம் கொடுத்து வந்தவர்கள் அவர்கள். ஆனால் கைப்பையைப் பற்றிய எச்சரிக்கையும் ஒரு செய்திதானே? கூட்டத்தை அஞ்சத்தக்கதாகக் காட்ட நேரம் இருந்தது; அதை அறியத்தக்கதாகக் காட்ட நேரம் இல்லை. இதுவே என் குறைப்பாடு.

நடை முடிந்தபின் அண்ணி திடலோரம் நின்ற ஓர் இளைஞனிடம் ஊர் கேட்டார். பட்டுக்கோட்டைப் பக்கம் என்றான். எங்கே தங்கியிருக்கிறாய் என்றதற்கு, “ஜூரோங் பக்கம்தாம்மா, பூன் லேயிலிருந்து பஸ்” என்றான். எங்கள் வீட்டுக்கு அண்டை ஊர்க்காரனை இரண்டரை மணி நேரம் வேடிக்கைப் பொருளாகக் கடந்து வந்திருக்கிறோம்! எந்தக் கடையில் சோறு நன்றாயிருக்கும், எங்கே விலை குறைவு, எந்த வழியாகப் போனால் நெரிசல் இல்லை என்றெல்லாம் அவனே சொல்லி அனுப்பினான். தானே நடந்தவன், எங்கள் தேவை அறிந்தவன், இடரும் இன்பமும் மறைக்காதவன். அன்று நாங்கள் சந்தித்த உண்மையான பாணன் அவனே.

விருந்தாளியா, வீட்டுக்காரனா?

வழிகாட்டி கூலி பெறுவது குற்றமன்று; பாணனும் பரிசில் பெற்றவனே. ஒரு மனிதரைக் குறை கூறுவதும் என் நோக்கமன்று. குறை அவர் கையில் கொடுக்கப்பட்ட கதையில் இருக்கிறது. ‘இந்தியாவின் ஒரு துண்டு இங்கே வந்து விழுந்திருக்கிறது’ என்று அக்கதை சொல்கிறது. அப்படியானால் தமிழன் இந்நகரத்துக்கு மணமும் நிறமும் கொண்டுவந்த விருந்தாளி. சுண்ணாம்புக் கம்பத்தின் கதையோ, இந்நகரத்தின் சுவரில் அவன் கையின் தடம் இருக்கிறது என்று சொல்கிறது. அப்போது அவன் வீட்டுக்காரன். இரு கதைகளுக்கும் இடையே உள்ள தூரம் சிறிதன்று. பள்ளிப் பிள்ளைகள் வரிசையாக இச்சாலையைப் பார்க்க வரும்போது அவர்கள் எந்தக் கதையைக் கேட்கிறார்களோ, அந்த அளவில்தான் இந்நகரத்தில் தம் உரிமையை உணர்வார்கள்.

தமிழரின் அடிச்சுவடு இச்சாலையோடு முடிவதுமில்லை. சவுத் பிரிட்ஜ் சாலையில் 1827இல் தோன்றிய மாரியம்மன் கோயில், அதே சாலையில் சூலியா முஸ்லிம்களின் ஜாமியா பள்ளிவாசல், தெலுக் ஆயரில் நாகூர் தர்கா, இன்று இல்லாமற்போன மார்க்கெட் தெருச் செட்டியார் கிட்டங்கிகள் எல்லாவற்றையும் இணைத்து ஒரு நாள் நடை அமைக்கலாம். கேம்பல் லேனில் 2015இல் திறந்த இந்திய மரபுடைமை நிலையத்தில் கருவிப் பொருள் உண்டு. வேண்டியது தமிழிலும் பேசும் வழிகாட்டிகளும், தெருவின் தொழிலை அறிந்த முதியோரின் சொற்களைத் தொகுப்பாரும்தான்.

மறுநாள் மாலை அண்ணன் பூன் லேயைச் சுற்றிக் காட்டச் சொன்னார். இங்கே என்ன இருக்கிறது என்று முதலில் தயங்கினேன். பிறகு, மிளகும் கம்பீரும் ரப்பரும் பயிரிட்ட சியூ பூன் லேயின் நிலம் இது என்று தொடங்கினேன். சதுப்பும் குன்றுமாய்க் கிடந்த ஜூரோங்கை 1961 முதல் தொழிற்பேட்டையாக்கிய கதையைச் சொன்னேன். பேருந்து நிலையத்தில் வேலை முடிந்து வருவோர் நிரை நிரையாக இறங்கிக்கொண்டிருந்தார்கள்.

“இதெல்லாம் யார் கட்டினது, தம்பி?” என்றார் அண்ணி. இம்முறை விடை எங்கள் எதிரிலேயே நடந்து சென்றுகொண்டிருந்தது.